3ப + 7 = 22: முதலில் 7-ஐக் கழிப்பதா, 3-ஆல் வகுப்பதா?

சாக்பீஸ்:

ஒரு மாறி உள்ள நேரியல் சமன்பாடுகளை எதிர்ச்செயல் (கூட்டலுக்குக் கழித்தல், பெருக்கலுக்கு வகுத்தல் என்பது போல) கொண்டு தீர்ப்பதில் நான்கு இடங்களில் மாணவர்கள் சிக்குகிறார்கள். (தமிழ் விசைப்பலகையில் தட்டுவதால் எக்ஸுக்குப் பதிலாக ப என்று போடுகிறேன்.)

முதலாவது, 3ப + 7 = 22-இல் "ஏன் 7-ஐ முதலில் எடுக்கணும்? பெருக்கல், வகுத்தல்தானே கூட்டலுக்கு முன்னாடி வரும்?" என்று கேட்கிறார்கள். செயல் வரிசை விதியைப் படித்தவர்கள் கேட்பதால் கேள்வியில் நியாயம் இருக்கிறது.

இரண்டாவது, 5 − 2ப = 11 என்று கொடுத்தால் பாதிப் பேர் ப = 3 என்கிறார்கள்.

மூன்றாவது, ப/3 − 4 = 2, (ப − 4)/3 = 2 இரண்டுக்கும் 10 என்று ஒரே விடையை எழுதுகிறார்கள்.

நான்காவது, "அந்தப் பக்கம் போனால் குறி மாறும்" என்று சொல்லித் தரலாமா? வேகமாகத்தான் இருக்கிறது. ஆனால் 3ப = 15 வந்ததும் ப = −5 என்று எழுதி வைக்கிறார்கள்.

தராசுப் படம் போட்டு விளக்கியாயிற்று. ஓர் அளவுக்கு மேல் அது உதவவில்லை.

தலைகீழி:

செயல் வரிசை விதி மதிப்புக் காண்பதற்கு. ப என்னவென்று தெரிந்து, 3ப + 7 எவ்வளவு என்று கேட்டால் முதலில் 3-ஆல் பெருக்குவோம், பிறகு 7-ஐக் கூட்டுவோம். சமன்பாட்டில் நம் கையில் இருப்பது கடைசி விளைவான 22. அங்கிருந்து பின்னோக்கி வருகிறோம். கடைசியாகச் செய்த கூட்டல்தான் முதலில் அவிழும்.

பலகையில் இரண்டு வரியாக எழுதிக் காட்டுங்கள்:

ப → (×3) → 3ப → (+7) → 22
5 ← (÷3) ← 15 ← (−7) ← 22

மேல் வரியை இடமிருந்து வலமாகவும் கீழ் வரியை வலமிருந்து இடமாகவும் படிக்க வேண்டும். மேலே இருக்கும் ஒவ்வொரு செயலுக்கும் நேர் கீழே அதன் எதிர்ச்செயல் வரும்படி எழுதினால் "ஏன் 7 முதலில்" என்ற கேள்விக்குப் படமே பதில். ஆரியபட்டர் 499-இல் எழுதிய ஆரியபட்டீயத்தின் கணிதப் பகுதியிலேயே இந்தப் பின்னோக்கு முறை வருகிறது: பெருக்கிய எண்ணால் வகு, வகுத்த எண்ணால் பெருக்கு, கூட்டியதைக் கழி, கழித்ததைக் கூட்டு என்பதுதான் அதன் சாரம்.

ஆனால் "முதலில் 3-ஆல் வகுத்தால் தவறு" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். தவறே இல்லை. இடப்பக்கம் முழுவதையும் வகுக்க வேண்டும், அவ்வளவுதான்:

3ப + 7 = 22
ப + 7/3 = 22/3
ப = 15/3 = 5

மாணவர் செய்வது என்னவென்றால் 3ப-வை மட்டும் வகுத்துவிட்டு 7-ஐ அப்படியே விட்டுவிடுகிறார். ப + 7 = 22/3 என்று எழுதி, ப = 1/3-இல் முடிக்கிறார். எதிர்ச்செயலை ஓர் உறுப்பின் மீது செய்வதில்லை, பக்கம் முழுவதன் மீதும் செய்கிறோம். நீங்கள் கேட்ட நான்கில் மூன்று இதே ஒன்றில்தான் வந்து விழுகின்றன.

7-ஐ முதலில் கழிப்பது பின்னத்தைத் தவிர்க்கும் வசதிக்காக. 6ப + 18 = 42 என்று வந்தால் எல்லாமே 6-ஆல் வகுபடும். அங்கே முதலில் வகுத்துவிடுவதுதான் சுலபம்: ப + 3 = 7, ப = 4. இரண்டு வழியிலும் ஒரே கணக்கைப் போட வைத்தால் வரிசை என்பது கட்டளை இல்லை, தேர்வு என்பது பிடிபடும்.

மூன்றாவது கேள்விக்கும் அதே அம்புக்குறிப் படம் போதும்.

ப/3 − 4 = 2: ப → (÷3) → (−4) → 2. திரும்பி வரும்போது 2 + 4 = 6, 6 × 3 = 18.

(ப − 4)/3 = 2: ப → (−4) → (÷3) → 2. திரும்பி வரும்போது 2 × 3 = 6, 6 + 4 = 10.

எண்களும் செயல்களும் அதேதான், வரிசை மட்டும் வேறு. முதல் கணக்கில் 10 என்று எழுதியவர் 3-ஆல் பெருக்கும்போது 4-ஐப் பெருக்காமல் விட்டிருக்கிறார். ப − 12 = 6 என்று வர வேண்டிய இடத்தில் ப − 4 = 6 என்று எழுதியிருப்பார், நோட்டில் பாருங்கள். இந்த இரண்டையும் எப்போதும் ஜோடியாகவே கொடுங்கள். தனித்தனியாகக் கொடுத்தால் வித்தியாசம் கண்ணில் படாது.

இன்னொன்று பலரும் சொல்லித்தராமல் விடுவது: 20 − ப = 13. "கழித்தலுக்கு எதிர் கூட்டல்" என்று மனப்பாடம் செய்தவர் 13 + 20 = 33 என்பார். ப-விலிருந்து 20-ஐக் கழித்திருந்தால் அது சரி. இங்கே 20-லிருந்து ப-வைக் கழித்திருக்கிறது. "20-லிருந்து கழி" என்ற செயலுக்கு எதிர்ச்செயல் அதுவேதான்: 20 − 13 = 7.

அடைப்புக்குறி:

நான்காவது கேள்விக்கு வருகிறேன். இடமாற்று முறையில் பிழை ஒன்றும் இல்லை. அது ஒரு வரியை எழுதாமல் தாண்டும் சுருக்கம். தாண்டிய வரி இது:

3ப + 7 − 7 = 22 − 7

இந்த வரி மனத்தில் இருக்கிறவருக்குச் சுருக்கம் பலன் தரும். இல்லாதவருக்கு "போனால் குறி மாறும்" என்பது வெறும் மந்திரம். மந்திரத்தை 3ப = 15-க்கும் ஓதுவார், −5 வரும். எனவே வாசகத்தையே மாற்றுங்கள்: மாறுவது செயல், எண்ணின் குறி இல்லை. கூட்டிய உறுப்பு மறுபக்கத்தில் கழிபடும், பெருக்கிய எண் மறுபக்கத்தில் வகுக்கும். −2ப = 6 என்றால் பெருக்கிய எண் −2. அது −2 ஆகவே கீழே போய் உட்காரும்: ப = 6/(−2) = −3. அந்தக் கழித்தல் குறி கூடவே வருமே தவிர மாறாது.

நடு வரியை எத்தனை நாள் எழுத வைப்பது? குறை எண் கெழுவாக (ப-வைப் பெருக்கும் எண்ணாக) வரும் கணக்குகளில் தடுமாற்றம் நிற்கும்வரை எழுதட்டும். 3ப + 7 = 22 போன்றவற்றைச் சரியாகப் போடுவதை வைத்து முடிவு செய்யாதீர்கள். அதை ஊகித்தே போட்டுவிடலாம்.

5 − 2ப = 11-க்கு என் பரிந்துரை, முதல் வேலையாக அதை −2ப + 5 = 11 என்று மாற்றி எழுத வைப்பது. உறுப்புக்கு முன்னால் இருக்கும் குறி அந்த உறுப்புக்குச் சொந்தம் என்பது அப்போது தெளிவாகும். 5-ஐக் கழித்தால் −2ப = 6, ப = −3. இதில் இரண்டு வகைத் தவறு வரும், இரண்டுக்கும் மருந்து வேறு. ப = 3 என்று எழுதியவர் 5-ஐ எடுத்தபோது நடுவில் இருந்த கழித்தல் குறியையும் சேர்த்து எடுத்துவிட்டார், 2ப = 6 என்று எழுதியிருப்பார். ப = −8 என்று எழுதியவர் 5-க்கு வலப்புறம் இருக்கும் குறியை 5-உடையது என்று படித்து, "எதிர்ச்செயல்" என்று 5-ஐக் கூட்டி, −2ப = 16 ஆக்கிவிட்டார்.

குறை எண்ணால் வகுப்பது பிடிக்காதவர்கள் முதலில் இரு பக்கமும் 2ப-வைக் கூட்டலாம்: 5 = 11 + 2ப, −6 = 2ப, ப = −3. மாறி வலப்பக்கம் நின்றால் நின்றுவிட்டுப் போகட்டும். அதை இடப்பக்கம் கொண்டுவர ஒரு வரி செலவழிப்பது வீண், −3 = ப என்றாலும் அதே பொருள்தான்.

விடைத்தாள் திருத்தும்போது தவறான விடையை வைத்தே காரணத்தைப் பிடிக்கலாம். 3ப + 7 = 22-க்கு:

29/3 என்றால் 7-ஐக் கழிக்காமல் கூட்டியிருக்கிறார்.
1/3 என்றால் ஓர் உறுப்பை மட்டும் வகுத்திருக்கிறார்.
2.2 என்றால் 3ப + 7-ஐ 10ப ஆக்கியிருக்கிறார். இவருக்கு எதிர்ச்செயல் சிக்கலே இல்லை, ஒத்த உறுப்புகள் எவை என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.
12 என்றால் 3ப = 15 வரை சரி, பிறகு 3-ஐக் கழித்துவிட்டார். 3ப என்பதை 3 + ப போலப் படிக்கிறார்.
45 என்றால் வகுக்க வேண்டிய இடத்தில் பெருக்கல்.
−5 என்றால் குறி மாற்றும் மந்திரம்.

எல்லோருக்கும் ஒரே "மறுபடியும் போடு" என்று எழுதுவதை விட இது வேலையைக் குறைக்கும்.

கடைசியாக, எழுதும் முறை. 22 − 7 = 15 ÷ 3 = 5 என்று ஒரே ஓட்டமாக எழுத விடாதீர்கள். 22 − 7 என்பது 15 ÷ 3-க்குச் சமமில்லை. ராபர்ட் ரெக்கார்ட் 1557-இல் சமக்குறியை அறிமுகப்படுத்தியபோது சம நீளமுள்ள இரண்டு இணைகோடுகளைத் தேர்ந்தெடுத்ததே, அவற்றைவிடச் சமமானவை வேறு இல்லை என்பதற்காக. "அடுத்து வருவது" என்ற பொருளில் அதைப் போடப் பழகியவர், இருபுறமும் மாறி வரும் சமன்பாட்டில் கட்டாயம் தடுமாறுவார். வரிக்கு ஒரு சமக்குறி, எல்லாம் ஒன்றன்கீழ் ஒன்றாக, வலது ஓரத்தில் அந்த வரியில் செய்த செயல் (−7, ÷3 என்று) எழுதினால் போதும்.

மீதி பூஜ்யம்:

மேலே ரெண்டு பேரும் நல்லா சொல்லிட்டாங்க. விட்டுப்போனதை மட்டும் சேர்க்கிறேன்.

தராசு எங்க நிக்குதுன்னா, 3ப + 7 = 1-ல நிக்குது. ஒரு தட்டுல 7 எடைக்கல், இன்னொரு தட்டுல 1. ப = −2, அந்த எடையை எந்தத் தட்டுல வைப்பீங்க? 5 − 2ப-வையும் தராசுல வைக்க முடியாது. "ரெண்டு பக்கமும் ஒரே வேலையைச் செய்" என்ற ஒரு விஷயத்துக்குத்தான் தராசு. அது புரிஞ்சதும் எடுத்து ஓரமா வெச்சிடலாம்.

அம்புக்குறிப் படத்துக்கும் எல்லை உண்டு, அதையும் சொல்லிடணும். ப ஒரே ஒரு இடத்துல வந்தால்தான் பின்னோக்கி வர முடியும். 7ப − 4 = 3ப + 16-ல ரெண்டு இடத்துல ப இருக்கு, எங்கேயிருந்து திரும்புவது? முதல்ல ப-வை ஒரே பக்கம் சேர்க்கணும். ரெண்டு பக்கமும் 3ப-வைக் கழிச்சா 4ப − 4 = 16. இதுக்கு அப்புறம் பழைய கதைதான்: 4ப = 20, ப = 5. சரிபார்த்தால் 35 − 4 = 31, 15 + 16 = 31.

எந்தப் பக்கத்து ப-வை எடுப்பதுன்னு கேட்பாங்க. கெழு எது சின்னதோ அதை எடுக்கச் சொல்லுங்க, மிச்சம் இருக்கும் கெழு எப்பவும் மிகை எண்ணா இருக்கும். −2ப + 9 = 5ப − 12-ல சின்னது −2. அதனால 2ப-வைக் கூட்டணும்: 9 = 7ப − 12, 21 = 7ப, ப = 3. இங்க "சின்னது" என்றால் எண்கோட்டில் இடப்பக்கம் இருப்பது. குறியை விட்டுட்டு 2, 5-ன்னு ஒப்பிட்டால் சில கணக்குல தப்பிச்சிடுவாங்க, சிலதுல மாட்டிப்பாங்க.

அடைப்புக்குறி வந்தா உடனே விரிக்கணும்னு சட்டம் இல்லை. 4(ப − 3) = 20-ஐ 4-ஆல வகுத்தா ப − 3 = 5, ப = 8, முடிஞ்சது. 4(ப − 3) = 18-க்கு வகுத்தா 4.5 வரும், அது பிடிக்கலைன்னா விரிச்சுக்கலாம்: 4ப − 12 = 18, 4ப = 30, ப = 7.5. விரிக்கும்போது 4ப − 3-ன்னு எழுதுறதும், மேலே ஓர் உறுப்பை மட்டும் வகுத்தாங்களே, அதுவும் ஒரே வியாதி.

பின்னத்துல அதே வியாதி இன்னும் மறைஞ்சு வரும். ப/4 + ப/6 = 5. பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கு 12, எல்லாத்தையும் 12-ஆல பெருக்கணும்: 3ப + 2ப = 60, ப = 12. வலப்பக்கம் பின்னம் இல்லைங்கறதால அதைப் பெருக்காம 3ப + 2ப = 5-ன்னு போட்டு ப = 1-ன்னு நிறைய பேர் முடிப்பாங்க. தசமத்துலயும் இதே: 0.4ப − 1.2 = 2-ஐப் பத்தால பெருக்கினா 4ப − 12 = 20, ப = 8. அந்த 2-ஐ விட்டுட்டா 3.5.

ஆனா நான் முக்கியமா நினைக்கிறது இது:

(ப + 1)/2 − (ப − 3)/4 = 3

4-ஆல பெருக்கினா 2(ப + 1) − (ப − 3) = 12. பின்னக்கோடே ஒரு அடைப்புக்குறி. கோடு போனதும் அடைப்புக்குறி கண்ணுக்குத் தெரியணும், இல்லைன்னா 2ப + 2 − ப − 3 = 12-ன்னு போயிடும், ப = 13 வரும். சரியா விரிச்சா 2ப + 2 − ப + 3 = 12, ப + 5 = 12, ப = 7. வெச்சுப் பாருங்க: 8/2 − 4/4 = 4 − 1 = 3.

இந்த மாதிரி கணக்குக்கு ஒரு வரி கூடுதலா செலவழிக்கச் சொல்லுங்க. பெருக்கறதுக்கு முன்னாடியே தொகுதியில ரெண்டு உறுப்பு இருக்குற ஒவ்வொரு பின்னத்துக்கும் பென்சில்ல அடைப்புக்குறி போட்டுட்டுத் தொடங்கட்டும்.

சாக்பீஸ்:

மூவருக்கும் நன்றி. 12, 2.2, 1/3 எல்லாம் இங்கே திருத்தவேண்டிய தாள்களில் அப்படியே இருக்கின்றன.

இன்னும் இரண்டு. 5ப = 2ப கொடுத்ததில் இரு பக்கமும் ப-வால் வகுத்து 5 = 2, "தீர்வு இல்லை" என்று எழுதுகிறார்கள். "இரு பக்கமும் ஒரே வேலைதானே செய்தோம்" என்றால் என்ன சொல்வது? பிறகு, சரிபார்த்தலை ஒப்புக்கு எழுதுகிறார்கள். தவறான விடைக்கும் கீழே "சரிபார்க்கப்பட்டது" என்று இருக்கிறது.

தலைகீழி:

ஒரே வேலையைச் செய்தால் போதாது, அந்த வேலையைத் திரும்ப எடுக்கவும் முடிய வேண்டும். ப-வால் வகுக்கும்போது ப பூஜ்யம் இல்லை என்று யாரும் நமக்கு உறுதி தரவில்லை. இங்கே அது பூஜ்யமேதான்: 2ப-வைக் கழித்தால் 3ப = 0, ப = 0. பூஜ்யத்தால் பெருக்குவதும் அப்படியே. எந்தச் சமன்பாட்டையும் அது 0 = 0 ஆக்கிவிடும், அங்கிருந்து திரும்பி வர வழி இல்லை. எனவே கூட்டல், கழித்தல் எந்த உறுப்பைக் கொண்டும் செய்யலாம், மாறி உள்ள உறுப்பானாலும் சரி. பெருக்கல், வகுத்தல் மட்டும் பூஜ்யம் அல்லாத எண்ணைக் கொண்டு.

உண்மையிலேயே தீர்வு இல்லாதது எப்படி இருக்கும் என்று பக்கத்திலேயே காட்டிவிடுங்கள். 3ப + 5 = 3ப + 9-இல் 3ப-வைக் கழித்தால் 5 = 9. எந்த எண்ணைப் போட்டாலும் பொருந்தாது. 2(ப + 3) = 2ப + 6-இல் 6 = 6 என்று முடியும். எந்த எண்ணைப் போட்டாலும் பொருந்தும், அது முற்றொருமை. ப = 0 என்பது இந்த இரண்டிலும் சேராது. பூஜ்யம் ஓர் எண், அதுவே தீர்வு.

அடைப்புக்குறி:

சரிபார்த்தலில் இரண்டு நிபந்தனை வையுங்கள். முதலில் கொடுத்த சமன்பாட்டில்தான் போட வேண்டும், நடு வரியில் இல்லை. ப/3 − 4 = 2-ஐ ப − 4 = 6 என்று மாற்றிவிட்டு அதில் 10-ஐப் போட்டால் பொருந்தத்தானே செய்யும். அடுத்து, இடப்பக்கத்தையும் வலப்பக்கத்தையும் தனித்தனியாகக் கணக்கிட்டு, இரண்டு எண்ணும் வந்த பிறகே நடுவில் = அல்லது ≠ போட வேண்டும். தொடக்கத்திலேயே சமக்குறியைப் போட்டுவிட்டால் கை தானாகவே இரு புறமும் ஒரே எண்ணை எழுதிவிடும். குறை எண்ணைப் போடும்போது அடைப்புக்குறியும் வேண்டும்: 5 − 2(−3). அது இல்லாமல் எழுதினால் 5 − 2 − 3 = 0 ஆகி, சரியான விடையையே தவறென்று அடித்துவிடுவார்கள்.

பொருந்தாதபோது வித்தியாசத்தையும் பார்க்கச் சொல்லுங்கள். 29/3-ஐ 3ப + 7-இல் போட்டால் 36 வரும். 22-ஐ விட 14 அதிகம், 7-இன் இரு மடங்கு. −8-ஐ 5 − 2ப-வில் போட்டால் 21, வித்தியாசம் 10, 5-இன் இரு மடங்கு. அடைப்புக்குறி, பின்னம் எதுவும் இல்லாத இந்த வகைச் சமன்பாட்டில், கணக்கில் இருக்கும் ஒரு மாறிலியின் இரு மடங்கு வித்தியாசமாக வந்தால், அந்த மாறிலியைக் கழிக்க வேண்டிய இடத்தில் கூட்டியிருக்கிறார்களா, கூட்ட வேண்டிய இடத்தில் கழித்திருக்கிறார்களா என்று முதலில் பார்க்கலாம். எந்த வரியில் தேடுவது என்று மாணவருக்கே தெரிந்துவிடும்.